பிரபல வர்த்தகர்

இல்லை அங்கிள், நான் மைக்கைப் பறிக்கேல்லை. நீங்கள் கண்ணாடி துடைக்கிறதுக்கு அதை மேசையிலை வைச்சனீங்கள், நான் எடுத்தனான். மேசையிலை கிடந்த சாமானை எடுக்கிறதுக்குப் பேர் பறிக்கிறதோ? ஒரு மண்டபம் சனம் பாத்துக்கொண்டிருந்தது. ஆரையும் கூப்பிட்டுக் கேளுங்கோ.

கையை விடுங்கோ. குசினிக்கு வா எண்டனீங்கள், வந்திட்டன். கதவைச் சாத்தத் தேவையில்லை. வடை பொரிக்கிற அக்காமாரும் கேக்கட்டும். அக்கா, நீங்கள் பொரியுங்கோ. என்னைப் பாத்துக்கொண்டு எண்ணெய்க்குள்ளை கையை விட்டிடாதேங்கோ.

என்ன சொன்னனீங்கள்? முப்பத்தோராம் நாளும் அதுவுமா குடும்ப மானத்தை வாங்கிப்போட்டனோ? நான் மைக்கிலை சொன்னது மொத்தம் அஞ்சு சொல்லு. "மாமா கடை வைச்சிருக்கேல்லை. அவர் நடிகர்." அவ்வளவுதான். ஆறாவது சொல்லுக்கு நீங்கள் வயரைப் புடுங்கிப்போட்டியள். வயரைப் புடுங்கினாப் பிறகு கத்தாமல் என்ன செய்யிறது? மண்டபம் பெருசு, என்ர தொண்டை சின்னன்.

"பிள்ளை, பிள்ளை" எண்டாதேங்கோ. எனக்கு இருவத்திரண்டு வயசு. கேதீஸ்வரன் மாமா என்ர அம்மாட கூடப்பிறந்த தம்பி. உங்களுக்கு அவர் ஆர்? உங்கட சங்கத்திலை ஒரு அங்கத்தவர். நீங்கள் செயலாளர், நீங்கள் கல்வெட்டு எழுதுறனீங்கள், அது எனக்குத் தெரியும். இந்த ஹாகனிலையிருந்து டோர்ட்மண்ட் வரைக்கும் எங்கட சனத்திலை ஆர் செத்தாலும் முப்பத்தோராம் நாளுக்கு உங்கட புத்தகம்தான். என்ர ஜேர்மன் சிநேகிதியளுக்கு இதை விளங்கப்படுத்த நான் படுற பாடு. கல்வெட்டு எண்டா கல்லோ எண்டு கேக்கினம். இல்லையடி, இருவத்திநாலு பக்கப் புத்தகம். முன்னுக்குப் படம், பிறகு தேவாரம், பிறகு செத்தவற்ற வாழ்க்கை, பிறகு மனைவி புலம்பல், சகோதரி புலம்பல், மருமக்கள் புலம்பல். எல்லாப் புலம்பலும் ஒரே ஆள்தான் புலம்புறவர், எங்கட குலசிங்கம் அங்கிள்.

சிரிக்காதேங்கோ அக்கா. பக்கம் ஒன்பதைப் பாருங்கோ. "மருமகள் சாருகா புலம்பல்." நான்தான் சாருகா. நான் என்ன புலம்பியிருக்கிறன் எண்டு கேளுங்கோ.

மாமாவென் றழைப்பதற்கு மண்ணிலினி யாருமுண்டோ,
பூமாலை நான்சூடும் நாள்பாரா தேகினீரோ.

எந்தப் பூமாலை அங்கிள்? ஆர் எனக்குக் கலியாணம் பேசினது? என்ர பேரைப் போட்டு, என்ர வாயாலை, நான் சொல்லாத கதையை நீங்கள் எப்பிடி எழுதுவியள்? ஒருக்கா ரெலிபோன் எடுத்து என்னைக் கேட்டனீங்களோ? வாய் இருக்கிற ஒரு ஆளுக்காக இன்னொரு ஆள் கதைக்கிறது எவ்வளவு பெரிய அநியாயம் எண்டு நான் யூனியிலை நாலு செமஸ்டர் படிச்சிருக்கிறன். அதைப் பற்றிப் புத்தகம் புத்தகமாக் கிடக்கு. உங்களுக்கு வாசிக்க நேரமில்லை, புலம்பத்தான் நேரம்.

சரி, என்ர புலம்பலை விடுவம். பக்கம் நாலு. "பிரபல வர்த்தகர்." அதுக்குக் கீழை பாட்டு வேறை.

கடல்கடந்து கடைவிரித்துக் கண்ணியமாய் வாழ்ந்தவரே.

அங்கிள், அந்தக் கடைக்குப் பின்சுவரே இல்லை! நான் போய்ப் பாத்தனான். முன்னுக்குச் சிகரெட், பேப்பர், மிட்டாய்ப் போத்தல். பின்னுக்கு நாலு பலகையும், விழாமல் இருக்க மண் மூட்டையும். சிகரெட் பெட்டி எல்லாம் வெறும் பெட்டி. அது ரீவி நாடகத்திலை வாற கடை. மாமா அதுக்குள்ளை நிண்டு நடிச்சவர். பதினொரு வருசம் நடிச்சவர். அதை நீங்கள் உண்மைக் கடையாக்கி, அவரைப் பிரபல வர்த்தகராக்கி, இருநூற்றைம்பது புத்தகம் அடிச்சு, ஒவ்வொரு கதிரையிலும் ஒண்டு வைச்சிருக்கிறியள்.

தெரியாமல் எழுதினனீங்கள் எண்டா நான் வாய் திறந்திருக்கமாட்டன். உங்களுக்குத் தெரியும். எல்லாருக்கும் தெரியும். எங்கட ஆக்களுக்கு நடிகர் எண்டு எழுத வெக்கம். நடிகர் எண்டா என்ன படம் எண்டு கேப்பினம். என்ன படம் எண்டு சொல்லுறது? பிணம் எண்டு சொல்லுறதோ?

நான் சொல்லுறன். எனக்கு வெக்கமில்லை. அக்கா, நீங்களும் கேளுங்கோ, நீங்கள் சுவிசிலை இருந்து வந்தனீங்கள், உங்களுக்குத் தெரியாது.

மாமா எண்பத்தாறிலை கிழக்கு பெர்லினாலை வந்தவர். வந்து மூண்டு வருசம் குடிக்கிற கடை கடையாப் போய் ரோசாப்பூ வித்தவர். ஒருநாள் பின்னேரம் ஒரு கடைக்குள்ளை பூவோடை போறார், அங்கை படம் எடுத்துக்கொண்டு நிக்கினம். பூ விக்கிறவனா நடிக்க வேண்டிய ஆள் வரேல்லை. டிரெக்டர் மாமாவைக் கண்டிட்டு, "நிப்பாட்டாதேங்கோ, எடுங்கோ எடுங்கோ" எண்டு எடுத்துப்போட்டார். மாமா மேசை மேசையாப் போய்ப் பூவை நீட்டினவர். அதுதான் அவற்ற முதல் படம். தான் நடிக்கிறன் எண்டு அவருக்கே தெரியாது. அடுத்த நாள் கூப்பிட்டு, திரும்ப அப்பிடியே செய் எண்டினம். பதின்நாலு தரம் செய்தவராம். ஒரு தரமும் முதல் நாள் மாதிரி வரேல்லையாம். "அண்டைக்குத்தானடி எனக்கு இந்த விசர் பிடிச்சது" எண்டு சொல்லுவார். "செய்யிறது எனக்குத் தெரியும், திருப்பிச் செய்யத் தெரியேல்லை. அதைப் படிக்கவேணும் எண்டு நினைச்சன்" எண்டு.

படிச்சவர். ஒரு பள்ளிக்கூடமும் இல்லாமல் படிச்சவர். வயோதிபர் மடத்துக் குசினியிலை வேலை, வேலை முடிய நாடகக்காரரோடை. ஒரு கொப்பி வைச்சிருந்தவர், மாமிட்டைக் கேளுங்கோ. ஜேர்மன் வசனத்தைத் தமிழ் எழுத்திலை எழுதி, எங்கை மூச்சு எடுக்கிறது எண்டு புள்ளி வைச்சிருப்பார். ராக்சி ஓட்டுறவன், கோப்பை கழுவிற ஆள், ஒருக்கா இந்திய டொக்டர், ஒரு வசனம். பிறகு மூண்டு தரம் பிணம். பிணத்துக்கும் கொப்பியிலை பக்கம் இருக்கு. "மூச்சு நாப்பது விநாடி. கண் இமை ஆடக்கூடாது. கமரா காலடியிலை இருந்து வரும்." அதுக்குக் குளியல் தொட்டியிலை தண்ணிக்குள்ளை படுத்துப் பழகினவர். மாமி கதவைத் தட்டித் தட்டி அழுதவவாம்.

அவருக்கு ஜேர்மன் வடிவா வந்த பிறகு, அதை உடைச்சுக் கதைக்கச் சொன்னவை. உடைச்சுக் கதைச்சவர். அதுக்கும் பழகினவர். ஒரேயொரு தரம் ஈழத்து அகதி ஒருத்தனைப் பற்றி ஒரு படம் எடுத்தவை. மாமா போனவர். எடுக்கேல்லை. உம்மைப் பாத்தால் அகதி மாதிரித் தெரியேல்லை எண்டவையாம். வேறை நாட்டுக்காரர் ஒருவரை எடுத்தவை.

அப்ப நீங்கள் எல்லாரும் எங்கை நிண்டனீங்கள்? நான் சொல்லட்டோ? பிரதீபா அக்கான்ர கலியாண வீட்டிலை, எல்லாரும் சாப்பிட்டுக்கொண்டிருக்கேக்க, நீங்கள் எழும்பி நிண்டு கேட்டனீங்கள்: "என்ன கேதீஸ், அடுத்த படத்திலையாவது உயிரோடை வருவீரோ?" மேசை முழுக்கச் சிரிச்சது. மாமாவும் சிரிச்சவர். நானும் சிரிச்சனான், எனக்கு ஏழு வயசு, எனக்கு என்ன தெரியும்.

உயிரோடை வந்தவர் அங்கிள். "கனால்வாஹே" எண்டு செவ்வாய்க்கிழமை போற பொலிஸ் தொடர். அதிலை வாய்க்கால் பாலத்தடியிலை ஒரு சின்னக் கடை. கடைக்காரர் குமார். அதுதான் மாமா. ஒவ்வொரு கிழமையும் பொலிஸ் கொமிசார் வருவார், கோப்பி வாங்குவார், மாமா நாலு வசனம் சொல்லுவார், கொமிசார் போவார். அவ்வளவுதான். ஆனா பாருங்கோ, ஒரு வேலை செய்தவர். கொமிசார் பிழையான ஆளைப் பிடிச்சுப்போட்டு வாற நாளிலை, கோப்பிக்குப் பக்கத்திலை ஒரு புதினா மிட்டாயை வைச்சு, ரெண்டு விரலாலை மெதுவாத் தள்ளுவார். ஒண்டும் சொல்லமாட்டார். அது கதையிலை எழுதியிருக்கேல்லை. மாமா தானாச் செய்தது. டிரெக்டர் பாத்திட்டு விட்டிட்டார். பிறகு பாக்கிற சனம் மிட்டாய்க்காகவே பாக்கத் தொடங்கினது. மிட்டாய் வந்தா, ஆகா, கொமிசார் பிழை விட்டிட்டான் எண்டு. ஆர் படிப்பிச்சது அதை? அது நடிப்பில்லையோ? அது வியாபாரமோ?

ம். வந்திட்டியள். அங்கைதான் வருவியள் எண்டு எனக்குத் தெரியும். என்ர கட்டுரையாலைதான் மாமாவுக்கு வேலை போனது. அதுதானே? சொல்லிப்போட்டியள். நிம்மதியோ?

நான் மாமாட வேலையைப் பறிக்கேல்லை. நான் எழுதினது மாமாவைப் பற்றியே இல்லை. நாப்பது வருசமா இந்த நாட்டிலை இருக்கிற சனத்தை, ரீவியிலை எப்பவும் கடைக்காரனாவும் பிணமாவும் காட்டுறது சரியோ எண்டு எழுதினனான். நாப்பத்தொரு பக்கம். ஒரு பேப்பர் அதைச் சுருக்கிப் போட்டது. உலகம் முழுக்கப் பகிர்ந்தவை. மாமாட பேர் அதிலை ஒரு இடத்திலையும் இல்லை. வேணுமெண்டுதான் போடேல்லை. "அந்த நடிகர்" எண்டுதான் எழுதினனான். அவரைப் பாதுகாக்கிறதுக்கு.

தொடர் எடுக்கிற கொம்பனி ரெண்டு கிழமையிலை அறிக்கை விட்டது. விமர்சனத்தை மதிக்கினமாம். தாங்களும் படிக்கினமாம். அந்தப் பாத்திரத்தை இனித் தொடரமாட்டினமாம். அடுத்த சீசன் தொடங்குது, கொமிசார் வாறார், கடை பூட்டிக் கிடக்கு. "குமார் எங்கை?" "இந்தியாவுக்குத் திரும்பிப் போட்டானாம்." ரெண்டு வசனம். பதினொரு வருசத்துக்கு ரெண்டு வசனம். இந்தியாவிலை மாமாவுக்கு ஆர் இருக்கினம்?

அது என்ர பிழையோ? நல்ல பாத்திரம் குடுங்கோ எண்டு நான் கேட்டன். அவங்கள் இருந்ததையும் எடுத்தால் அது அவங்கட குணம். நான் சொன்னதைத்தான் அது நிரூபிக்குது. என்ர பேராசிரியரும் அதைத்தான் சொன்னவ. எனக்கு ஒண்டு தசம் பூச்சியம் தந்தவ, அதுக்கு மேலை புள்ளி இல்லை. அது வேறை கதை.

மாமா கோவிக்கேல்லை. நீங்கள் கோவிக்கிறியள், மாமா கோவிக்கேல்லை. கேளுங்கோ. அந்த அறிக்கை வந்த பிறகு எங்கட யூனியிலை ஒரு கருத்தரங்கு வைச்சவை. என்னை மேடையிலை இருத்தினவை. பக்கத்திலை கொம்பனிக்காரி, என்ர கையைப் பிடிச்சு நன்றி சொன்னவ. ஒரு மனிசி கீழையிருந்து எழும்பி, "நீங்கள் அந்த நடிகரைக் கேட்டனீங்களோ?" எண்டு கேட்டவ. எப்பவும் ஒரு ஆள் இப்பிடிக் கேக்கும். நான் சொன்னனான், அவற்ற நிலமையிலை இருக்கிற ஆளாலை சுதந்திரமாக் கதைக்க ஏலாது, அதாலை அவருக்காக நாங்கள் கதைக்கவேண்டியிருக்கு எண்டு. கை தட்டினவை. நல்லாத் தட்டினவை.

மாமா கடைசி வரிசையிலை இருந்திருக்கிறார். எனக்கு எப்பிடித் தெரியும்? வாறன் எண்டு சொல்லேல்லை. முடிஞ்சு நான் கோப்பியோடை நிக்கேக்கதான் பக்கத்திலை வந்தவர். ஜக்கெற்றுக்குள்ளையிருந்து ஒரு புதினா மிட்டாய் எடுத்து, என்ர கோப்பைக்குப் பக்கத்திலை வைச்சு, ரெண்டு விரலாலை தள்ளினவர். அந்தக் கடையிலை செய்யிற மாதிரியே. பிறகு பஸ்ஸுக்கு நேரமாச்சு எண்டு போட்டார்.

கோவமெண்டா மிட்டாய் வைப்பாரோ அங்கிள்? அது வாழ்த்து. ஓம், வாழ்த்துத்தான். வேறை என்ன? அக்கா, நீங்கள் ஏன் கரண்டியைக் கீழை வைச்சிட்டு என்னைப் பாக்கிறியள்? வடை கருகுது.

அந்த மிட்டாயை நான் இன்னும் வைச்சிருக்கிறன்.

இப்ப விளங்குதோ நான் ஏன் எழும்பினனான் எண்டு? தொடர் முடிய எழுத்து ஓடும், மாமாட பேர் வர முன்னம் அடுத்த நிகழ்ச்சிக்கு விளம்பரம் வந்திடும். பேப்பரிலை ஒரு நாளும் வரேல்லை. பஸ் தரிப்பிடத்திலை நெஞ்சு வெடிச்சுச் செத்தார், அதுக்கும் ஒருத்தரும் ஒரு வரி போடேல்லை. என்ர கட்டுரையிலையும், சொன்னன்தானே, பேர் இல்லை. இந்த உலகத்திலை கேதீஸ்வரன், நடிகர் எண்டு அச்சிலை வர இருந்தது இந்த ஒரு புத்தகம்தான். அதைத்தான் நீங்கள் கெடுத்தனீங்கள்.

என்ன?

மாமியோ? கடை எண்டு எழுதச் சொன்னது மாமியோ? பொய் சொல்லாதேங்கோ. மாமி ஏன்...

அவரே அப்பிடித்தான் சொல்லுறவராமோ? "கடைக்குப் போட்டு வாறன்." "இண்டைக்குக் கடையிலை அலுவல் கிடக்கு." அங்கிள், அது பகிடி! அவர் பகிடியாச் சொல்லியிருப்பார். வீட்டிலை எல்லாரும் அப்பிடித்தானே... சரி, பதினொரு வருசமும் சொன்னவர், சரி. அதுக்காக அதை எழுதுறதோ?

உங்களிட்டையுமோ? எப்ப? பொங்கல் விழாவிலையோ? இந்த மண்டபத்திலையோ? நீங்கள் கதிரை அடுக்கேக்க வந்து பக்கத்திலை நிண்டு, "குலசிங்கம், என்ர கடையை மூடிப்போட்டாங்கள்" எண்டு சொன்னவரோ? சொல்லிப்போட்டு அழுதவரோ? உங்களிட்டையோ? பிணம் எண்டு பகிடி விட்ட உங்களிட்டையோ?

ஏன் எனக்குச் சொல்லேல்லை? வேலை போய்ப் பதின்நாலு மாசம் இருந்தது. நான் பரீட்சையோடை நிண்டனான், மெய்தான். ஒருநாள் அவர் ரெலிபோன் எடுத்தவர், நான் வகுப்பிலை. பிறகு எடுக்கிறன் எண்டு மெசேஜ் போட்டனான். எடுத்திருப்பன். எடுக்கத்தான் இருந்தனான்.

நீங்கள் கேட்டதைச் சொல்லுறியள். நான் கேட்டதைச் சொல்லட்டோ? முதல் சீசனிலை ஒரு இடம் இருக்கு. கதையிலை, "குமார் தன்ர மொழியிலை ரெலிபோனிலை கதைக்கிறான்" எண்டு மட்டும்தான் எழுதியிருக்கு. என்ன மொழி எண்டு கூட இல்லை. நான் அந்தத் தாளைப் பாத்திட்டு, என்ர கட்டுரையிலை பதினேழாம் பக்கத்திலை அதை ஒரு வாங்கு வாங்கினனான். அவங்களுக்கு எங்கட மொழி வெறும் சத்தம், அர்த்தமில்லாத சத்தம் எண்டு. எல்லாரும் அந்த வரியைத்தான் பகிர்ந்தவை.

படத்தை நான் பாக்கேல்லை. தாளைத்தான் பாத்தனான். படத்தைப் போன கிழமைதான் போட்டுப் பாத்தன். ஆறு விநாடி. மாமா ரெலிபோனைக் காதிலை வைச்சுக்கொண்டு, அந்தப் பின்சுவர் இல்லாத கடைக்குள்ளை நிண்டு, சுத்தத் தமிழிலை சொல்லுறார்: "அக்கா, நான்தான். சாப்பிட்டியே? சின்னவளைக் கூப்பிட்டு ரீவியைப் பாக்கச் சொல்லு."

அக்கா எண்டது என்ர அம்மா. சின்னவள் நான். எனக்கு அப்ப ஒன்பது வயசு. அண்டைக்கு நாங்கள் பாக்கேல்லை. வேறை சனல் போட்டிருப்பம். முழு ஜேர்மனியும் கேட்டது, ஒருத்தருக்கும் விளங்கேல்லை. விளங்கக்கூடிய ஆக்கள் ஒருத்தரும் பாக்கேல்லை.

என்னைத் தொடாதேங்கோ. நான் அழேல்லை. எண்ணெய்ப் புகை.

சரி. வாங்கோ. இல்லை, கையைப் பிடிக்கத் தேவையில்லை, நானே வாறன், நீங்களும் வாங்கோ. அக்கா, தட்டைப் பிறகு கொண்டுவாங்கோ. மைக்கின்ர வயரை நானே கொழுவி விடுறன். நான் ஒண்டும் கதைக்கமாட்டன், நீங்களே கதையுங்கோ. கடையெண்டே வைச்சுக்கொள்ளுவம். பிரபல வர்த்தகர். எனக்குச் சம்மதம். ஆனா பாதிக் கதை எழுதிப்போட்டுப் போகாதேங்கோ. பதினொரு வருசம் நல்லாப் போன கடை. ஒவ்வொரு செவ்வாய்க்கிழமையும் திறந்த கடை. அது ஏன் மூடினது? ஆர் மூடினது? உங்களுக்குத் தெரியும் எண்டியள். அம்மா இருக்கிறா, மாமி முன் வரிசையிலை அந்தக் கொப்பியை மடியிலை வைச்சுக்கொண்டு இருக்கிறா, எல்லாரும் இலையைப் போட்டிட்டுக் காத்துக்கொண்டு இருக்கினம். குசினிக்குள்ளை வைச்சு என்ர காதுக்குள்ளை சொல்லாதேங்கோ. அங்கை சொல்லுங்கோ. மைக்கிலை சொல்லுங்கோ.

பேரைச் சொல்லுங்கோ அங்கிள்.